வீட்டுத் தொட்டியில் ஏஞ்சல் மீன் இனப்பெருக்கம்

ஏஞ்சல் மீன் என்பது தென் அமெரிக்காவின் அமேசான் ஆற்றுப் படுகையையும் அதனை அடுத்த சில ஆறுகளையும் தாயகமாகக் கொண்ட, சிக்லிட் குடும்பத்தைச் சேர்ந்த நன்னீர் மீன் ஆகும். இதன் அறிவியல் பெயர் டெரோஃபில்லம் ஸ்கலாரே. உலகெங்கும் வீட்டு மீன்தொட்டிகளில் பரவலாக வளர்க்கப்படும் சிக்லிட் இனங்களுள் இதுவும் ஒன்று. நன்கு வளர்ந்த ஏஞ்சல் மீன்கள் தொட்டியில் இணைசேர்ந்து முட்டையிடுவது அரிதன்று. அம்முட்டைகள் வளர்ந்த மீன்களாவதே அரிது. நீரின் தன்மை, பெற்றோர் மீன்களின் நடத்தை, குஞ்சுகள் நீந்தத் தொடங்கும் நாளில் உயிருணவு ஆயத்தமாக இருத்தல் ஆகிய மூன்றுமே பெரும்பாலும் இதன் வெற்றி தோல்வியைத் தீர்மானிக்கின்றன. இக்கட்டுரை இம்மீனை வீட்டுத் தொட்டியில் இனப்பெருக்கம் செய்யும் முறையை விளக்குகிறது.

சிக்லிட் குடும்பமும் குஞ்சு பேணலும்

சிக்லிட் குடும்பத்தில் 1,700க்கும் மேற்பட்ட இனங்கள் விவரிக்கப்பட்டுள்ளன. இவற்றுள் பெரும்பாலானவை ஆப்பிரிக்காவிலும் நடு, தென் அமெரிக்காவிலும் வாழ்கின்றன. தென்னிந்தியாவுக்கும் இலங்கைக்கும் இயற்கையாகவே உரிய சிக்லிட்டுகளும் உண்டு. கேரளத்தில் கரிமீன் எனப்படுவது அவற்றுள் ஒன்று. அது 2010 இல் அம்மாநிலத்தின் மீனாக அறிவிக்கப்பட்டது. தமிழகத்தில் ஜிலேபிக் கெண்டை என்று அழைக்கப்படும் திலாப்பியாவும் இக்குடும்பத்தைச் சேர்ந்ததே. ஆனால் அது ஆப்பிரிக்காவைத் தாயகமாகக் கொண்டது. 1952 இல் இந்தியாவுக்குக் கொண்டுவரப்பட்டது.

முட்டைகளையும் குஞ்சுகளையும் பேணிக் காத்தல் இக்குடும்பத்தின் முதன்மையான இயல்பாகும். இதில் இரு பெரும் வகைகள் உண்டு. ஜிலேபிக் கெண்டையில் பெண் மீன் முட்டைகளைத் தன் வாயினுள் வைத்து அடைகாக்கும். ஏஞ்சல் மீன் இலை, தண்டு, வேர் போன்ற ஏதேனும் ஒரு பரப்பின் மீது முட்டைகளை ஒட்டி வைத்து, ஆணும் பெண்ணுமாக அவற்றைக் காக்கும். ஆகவே ஏஞ்சல் மீனின் குஞ்சு பேணலை முட்டையிடும் நேரம் முதல் குஞ்சுகளை நடத்திச் செல்லும் நாள் வரை கண்ணாடி வழியாக நேரடியாகக் காணலாம்.

பெயரும் வகைப்பாடும்

இம்மீன் 1823 இல் சியுஸ் ஸ்கலாரிஸ் என்னும் பெயரில் முதன்முதலாக விவரிக்கப்பட்டது. 1840 இல் ஆஸ்திரிய விலங்கியலாளர் யோகான் யாக்கோப் ஹெக்கல் டெரோஃபில்லம் என்னும் பேரினத்தை உருவாக்கினார. இச்சொல் துடுப்பு அல்லது இறகு, இலை ஆகிய பொருள் தரும் இரு கிரேக்கச் சொற்களின் கூட்டாகும். இப்பேரினத்தில் தற்போது மூன்று இனங்கள் ஏற்கப்பட்டுள்ளன.

டெரோஃபில்லம் ஸ்கலாரே: கடைகளில் விற்கப்படும் ஏஞ்சல் மீன்களில் மிகப் பெரும்பான்மையானவை இவ்வினத்தின் வளர்ப்பு வகைகளே.

டெரோஃபில்லம் ஆல்டம்: ஒரினோக்கோ, மேல் நீக்ரோ ஆற்றுப் பகுதிகளைச் சேர்ந்தது. உயரமான உடலமைப்புக் கொண்டது. வீட்டுத் தொட்டியில் இனப்பெருக்கம் செய்வது கடினம்.

டெரோஃபில்லம் லியோபோல்டி: மூன்றனுள் சிறியது. 1963 இல் விவரிக்கப்பட்டது.

இக்கட்டுரையில் இனி ஏஞ்சல் மீன் எனக் குறிக்கப்படுவது முதலாவது இனத்தையே ஆகும்.

இணையைப் பெறுதல்

ஏஞ்சல் மீனில் ஆண், பெண் வேறுபாடு புறத்தோற்றத்தில் தெளிவாகத் தெரிவதில்லை. வளர்ந்த ஆண் மீனின் நெற்றி சற்றுப் புடைத்திருக்கும் என்பர். எனினும் இதனை மட்டும் நம்ப இயலாது. முட்டையிடும் காலத்தில் வயிற்றின் அடியில், மலவாய்த் துடுப்புக்கு முன்பாகத் தோன்றும் சிறு குழலே உறுதியான அடையாளம். பெண்ணின் குழல் தடித்து, முனை மழுங்கியிருக்கும். ஆணின் குழல் மெலிந்து, கூராக, சற்று முன்னோக்கிச் சாய்ந்திருக்கும்.

இதனால் ஆண் ஒன்றும் பெண் ஒன்றுமாகத் தேர்ந்து வாங்குவதைவிட, ஆறு முதல் எட்டு வரையிலான இளம் மீன்களை வாங்கி ஒன்றாக வளர்ப்பதே பரவலான முறையாகும். இவை எட்டு முதல் பன்னிரண்டு மாத வயதுக்குள் பெரும்பாலும் இனமுதிர்ச்சி அடைகின்றன. அப்போது இரண்டு மீன்கள் தொட்டியின் ஒரு மூலையைப் பிடித்துக்கொண்டு மற்றவற்றை விரட்டத் தொடங்கும். இவ்வாறு தாமாகவே சேர்ந்த இணையைத் தனித் தொட்டிக்கு மாற்றலாம். வலிந்து சேர்க்கப்பட்ட இரு மீன்கள் ஒன்றையொன்று கடித்துக் காயப்படுத்தவும் கூடும்.

ஆண் இல்லாத தொட்டியில் இரண்டு பெண் மீன்கள் இணைபோல நடந்து, இரண்டும் முட்டையிடுவதும் உண்டு. அம்முட்டைகள் அனைத்தும் வெண்மையாகி அழியும். ஓர் இணையின் முட்டைகள் பலமுறை தொடர்ந்து முழுவதுமாக வெளுத்துப் போனால், மருந்தையும் நீரையும் மாற்றும் முன் அவ்விரண்டும் பெண்களா என்று பார்ப்பது நல்லது.

தொட்டி

ஓர் இணைக்கு 75 முதல் 100 லிட்டர் கொள்ளளவுள்ள தொட்டி போதுமானது. நீளத்தைக் காட்டிலும் உயரம் இங்கு முக்கியம். துடுப்புகளையும் சேர்த்தால் வளர்ந்த மீனின் உயரம் அதன் நீளத்தைவிடக் கூடுதலாக இருக்கும். ஆகையால் நீரின் ஆழம் 45 செ.மீ. அளவில் இருத்தல் வேண்டும்.

இனப்பெருக்கத் தொட்டியின் அடியில் மணலோ கூழாங்கற்களோ இடாமல் விடுவது தூய்மை செய்வதை எளிதாக்கும். முட்டையிடுவதற்குச் சாய்வாக நிறுத்திய ஒரு கற்பலகையோ, பி.வி.சி. குழாய்த் துண்டோ, அகன்ற இலையுடைய நீர்த்தாவரமோ வைக்கப்படும். இவை எதுவும் இல்லையெனில் மீன்கள் கண்ணாடிச் சுவரிலோ வடிகட்டியின் குழாயிலோ முட்டையிடும். பின்னர் முட்டைகளை வேறு தொட்டிக்கு மாற்ற எண்ணுவோருக்கு, எடுத்துச் செல்லக்கூடிய பரப்பு ஒன்று இருப்பது வசதி.

காற்றால் இயங்கும் பஞ்சு வடிகட்டி இத்தொட்டிக்கு ஏற்றது. இதன் இழுவிசை குறைவாதலால் குஞ்சுகள் உள்ளே இழுக்கப்படுவதில்லை. மீன்களின் கழிவிலிருந்து வரும் அமோனியாவை நைட்ரைட்டாகவும், அதனை நச்சுத்தன்மை குறைந்த நைட்ரேட்டாகவும் மாற்றும் பாக்டீரியாக்கள் இப்பஞ்சிலேயே குடியேறுகின்றன. இக்குடியேற்றம் நிறைவுற நான்கு முதல் ஆறு வாரங்கள் ஆகலாம். எனவே குஞ்சுகளுக்கான இரண்டாவது பஞ்சு வடிகட்டியை, முட்டையிடும் முன்பே பெரிய மீன்கள் வாழும் தொட்டியில் ஓடவிட்டுப் பழக்கி வைத்தல் வேண்டும். பஞ்சைக் குழாய் நீரில் கழுவினால் அதிலுள்ள குளோரின் பாக்டீரியாக்களைக் கொன்றுவிடும். தொட்டியிலிருந்து எடுத்த நீரிலேயே அதனைப் பிழிந்து கழுவுதல் வேண்டும்.

நீர்

வெப்பநிலை: 26 முதல் 29 பாகை செல்சியசு வரை ஏற்றது. சென்னை போன்ற ஊர்களில் ஆண்டின் பெரும்பகுதியில் சூடேற்றி தேவைப்படுவதில்லை. மார்கழி, தை மாத இரவுகளிலும் மலைப்பகுதி ஊர்களிலும் அது தேவைப்படலாம்.

கடினத்தன்மை: அமேசான் படுகையின் நீர் மென்மையானது, சற்று அமிலத்தன்மை கொண்டது. பல தலைமுறைகளாகத் தொட்டியில் வளர்ந்து வரும் மீன்கள் ஓரளவு கடின நீரிலும் நலமாக வாழ்கின்றன. ஆனால் மீன் நலமாக வாழ்வதும் முட்டைகள் நன்கு பொரிப்பதும் வெவ்வேறு. மிகக் கடினமான ஆழ்துளைக் கிணற்று நீரில் கருவுறும் முட்டைகளின் விகிதம் குறைவதை வளர்ப்பாளர்கள் காண்கின்றனர்.

இதற்கு எளிய தீர்வு, வீட்டிலுள்ள எதிர்ச் சவ்வூடுபரவல் கருவியின் நீரைக் கலப்பதாகும். எடுத்துக்காட்டாக, கிணற்று நீரின் கடினத்தன்மை லிட்டருக்கு 300 மில்லிகிராம் எனவும் கருவி நீரினுடையது 20 மில்லிகிராம் எனவும் கொள்வோம். இரண்டு பங்கு கிணற்று நீருடன் ஐந்து பங்கு கருவி நீரைக் கலந்தால் மொத்தம் ஏழு பங்கில் (2 × 300) + (5 × 20) = 700; அதாவது லிட்டருக்கு 100 மில்லிகிராம் கிடைக்கும். கையடக்கக் கருவிகள் காட்டும் மொத்தக் கரைபொருள் அளவும் கடினத்தன்மையும் ஒன்றல்ல என்பதை நினைவிற் கொள்ள வேண்டும். முன்னது நீரில் கரைந்த எல்லா உப்புகளையும் சேர்த்துக் காட்டுவது. பின்னது கால்சியம், மக்னீசியம் ஆகியவற்றால் ஏற்படுவது. கடினத்தன்மைக்குத் தனிச் சோதனைத் துளிகள் கிடைக்கின்றன.

கருவி நீரையோ மழைநீரையோ எதுவும் கலக்காமல் பயன்படுத்துதல் கூடாது. அதில் அமில, கார மாற்றத்தைத் தாங்கும் உப்புகள் இல்லாமையால் பி.எச். மதிப்பு திடீரென வீழ்ந்துவிடும்.

பி.எச். மதிப்பு: 6.5 முதல் 7.2 வரை விரும்பத்தக்கது. இம்மதிப்புக்கு மற்றொரு முக்கியத்துவமும் உண்டு. நீரிலுள்ள அமோனியாவின் ஒரு பகுதியே மீனுக்குக் கொடிய நச்சாக உள்ளது. 28 பாகை வெப்பநிலையில் பி.எச். 7 ஆக இருக்கும்போது இப்பகுதி நூற்றுக்கு ஒன்றுக்கும் குறைவு. பி.எச். 8 ஆகும்போது அது ஏறத்தாழ ஒன்பது மடங்காகிறது. ஒரே அளவு உணவு, ஒரே அளவு கழிவு உள்ள இரு தொட்டிகளில் ஒன்றில் குஞ்சுகள் வாழ்ந்து மற்றொன்றில் மடிவதற்கு இது ஒரு காரணமாகும்.

குளோரின்: குழாய் நீரிலுள்ள குளோரினை ஒரு நாள் காற்றேற்றி வெளியேற்றலாம். குளோரமீன் கலந்த நீருக்கு இது போதாது. அதற்குரிய நீர்ப்பக்குவ மருந்தைச் சேர்க்க வேண்டும்.

முட்டையிடுதல்

முட்டையிடுவதற்கு ஓரிரு நாள்களுக்கு முன்பே இணை தான் தேர்ந்தெடுத்த பரப்பை வாயால் கொத்தித் தூய்மை செய்யும். முட்டையிடு குழல்கள் தெரியத் தொடங்கும். பின்னர் பெண் மீன் அப்பரப்பின் மீது மெதுவாக மேல்நோக்கி நகர்ந்து வரிசையாக முட்டைகளை ஒட்டும். ஆண் அதனைத் தொடர்ந்து சென்று அவற்றின் மீது விந்தைச் செலுத்தும். இவ்வாறு மாறிமாறி நிகழும் இச்செயல் ஒன்று முதல் இரண்டு மணி நேரம் நீடிக்கலாம். முட்டைகளின் எண்ணிக்கை இளம் இணையில் நூறு அளவிலும், நன்கு வளர்ந்த இணையில் பல நூறுகளாகவும் இருக்கும்.

அதன் பின் இரண்டு மீன்களும் முறைவைத்து முட்டைகளின் எதிரே நின்று மார்புத் துடுப்புகளால் விசிறும். இது ஆக்சிசன் நிறைந்த நீர் முட்டைகளைத் தழுவிச் செல்லச் செய்கிறது. கருவுறாமல் வெளுத்த முட்டைகளை அவை கொத்தி எடுத்துவிடுகின்றன. அவ்வாறு எடுக்காவிடில் அவற்றில் பூஞ்சை பிடித்து, அண்டையிலுள்ள நல்ல முட்டைகளுக்கும் பரவும். ஆகவே பெற்றோர் ஓரிரு முட்டைகளை உண்பதைக் கண்டவுடன் அவை அனைத்தையும் தின்னத் தொடங்கிவிட்டன என்று முடிவு செய்தல் கூடாது.

வளர்ச்சிக் கால அட்டவணை

27 முதல் 28 பாகை வெப்பநிலையில் வளர்ச்சி ஏறத்தாழப் பின்வருமாறு அமையும். வெப்பம் குறைந்தால் ஒவ்வொரு கட்டமும் நீளும்.

முதல் நாள்: முட்டையிடுதல். கருவுற்ற முட்டைகள் ஒளி ஊடுருவும் மங்கிய மஞ்சள் நிறத்தில் இருக்கும்.

24 மணி நேரத்துக்குப் பின்: கருவுறாதவை வெண்மையாகும்.

48 முதல் 60 மணி நேரம்: முட்டை பொரித்தல். வெளிவரும் உயிர்கள் நீந்துவதில்லை. தலையிலுள்ள ஒட்டுச் சுரப்பிகளால் பரப்பின் மீதே ஒட்டிக்கொண்டு வாலை மட்டும் அசைக்கும்.

நான்காம் நாள் முதல் ஏழாம் நாள் வரை: நெளியும் பருவம். இப்பருவத்தில் மஞ்சட்கருப் பையே உணவு. வெளியிலிருந்து உணவிடுதல் தேவையற்றது. நீரைக் கெடுப்பதும் ஆகும்.

ஏழாம் அல்லது எட்டாம் நாள்: குஞ்சுகள் பரப்பை விட்டு நீங்கி நீந்தத் தொடங்கும். மஞ்சட்கருப் பை ஏறத்தாழத் தீர்ந்திருக்கும். அன்றே முதல் உணவு கிடைக்க வேண்டும்.

முதன்முறையாக ஈடுபடுவோர் பெரும்பாலும் இக்கடைசிக் கட்டத்திலேயே தோற்கின்றனர். முட்டை பொரித்த மகிழ்ச்சியில் நாள்கள் கழிந்துவிடும். குஞ்சுகள் நீந்தத் தொடங்கிய பிறகு உணவுக்குக் கடை தேடிச் சென்றால், மறுநாளோ அதற்கடுத்த நாளோ அவை கூட்டமாக மடிந்து கிடக்கும். இது நோயன்று, பட்டினி. ஆகவே முட்டையிட்ட நாளிலேயே நாள்காட்டியில் எட்டாம் நாளைக் குறித்து, அதிலிருந்து பின்னோக்கி எண்ணி உணவை ஆயத்தம் செய்தல் வேண்டும்.

முதல் உணவு: ஆர்ட்டீமியா

ஏஞ்சல் மீன் குஞ்சுகளுக்கு மிகவும் ஏற்ற முதல் உணவு அப்போது பொரித்த ஆர்ட்டீமியா இளவுயிரிகள் ஆகும். ஆர்ட்டீமியா உப்பு மிகுந்த நீரில் வாழும் சிறு ஓட்டுடலி. தூத்துக்குடி உப்பளங்களிலும் இது காணப்படுகிறது. இதன் உறைமுட்டைகள் உலர்ந்த நிலையில் நெடுநாள் கெடாமல் இருக்கும். இவை காற்றுப்புகாத கலன்களில் அடைத்து விற்கப்படுகின்றன.

ஒரு லிட்டர் நீரில் 25 கிராம் அளவு கல்லுப்பைக் கரைத்து, அரைத் தேக்கரண்டி உறைமுட்டைகளை இட்டு, 28 பாகை வெப்பநிலையில் வெளிச்சத்தில் வைத்து, அடியிலிருந்து வேகமாகக் காற்றுச் செலுத்தினால் 24 முதல் 36 மணி நேரத்தில் செம்மஞ்சள் நிற இளவுயிரிகள் வெளிவரும். தலைகீழாகக் கவிழ்த்து அடிப்பகுதியை வெட்டிய குளிர்பானப் புட்டியே இதற்குப் போதுமானது. காற்றை நிறுத்திச் சற்று நேரம் விட்டால் வெற்றோடுகள் மேலே மிதக்கும். இளவுயிரிகள் வெளிச்சத்தை நோக்கித் திரளும். அவற்றை மெல்லிய குழாயால் உறிஞ்சி எடுத்து, மெல்லிய துணியில் வடித்து, நன்னீரில் அலசிய பின்னரே தொட்டியில் இட வேண்டும். வெற்றோடுகளைக் குஞ்சுகள் விழுங்கினால் அவற்றின் குடல் அடைபடக்கூடும்.

எட்டாம் நாளில் உணவு தேவையெனில் ஆறாம் நாள் மாலையில் முதற் புட்டியைத் தொடங்க வேண்டும். அதன் பின் நாள்தோறும் ஒரு புட்டி என இரண்டு புட்டிகளை மாறிமாறி வைத்தால் உணவு தடைப்படாது. பழைய உறைமுட்டைகள் பொரிக்காமல் போகலாம் என்பதால், மீன் முட்டையிடும் முன்பே ஒரு சோதனைப் புட்டி வைத்துப் பார்ப்பது நன்று. உணவுண்ட குஞ்சின் வயிறு செம்மஞ்சளாகத் தெரியும். உண்டதா இல்லையா என்பதை இதனால் எளிதில் அறியலாம். அவித்த முட்டையின் மஞ்சட்கருவைத் துணியில் கட்டிப் பிழிந்து இடும் பழக்கமும் உண்டு. ஆனால் அது நீரை விரைவில் கெடுத்துவிடுகிறது.

பெற்றோரிடம் விடுதலும் பிரித்தெடுத்தலும்

முட்டைகளைப் பெற்றோரிடமே விடுவதா, பிரித்தெடுப்பதா என்பது ஏஞ்சல் மீன் வளர்ப்போரிடையே நெடுங்காலமாக இருந்துவரும் கருத்து வேறுபாடாகும்.

பிரித்தெடுக்கும் முறையில், முட்டைகள் ஒட்டிய பலகையை அதே நீர் நிரப்பிய 10 முதல் 20 லிட்டர் கலனுக்கு மாற்றுவர். பெற்றோரின் துடுப்பு விசிறலுக்குப் பதிலாகக் காற்றுக்கல் வைக்கப்படும். குமிழிகள் முட்டைகளின் மீது நேராக மோதாமல், அருகே எழும்பிச் செல்ல வேண்டும். பூஞ்சையைத் தடுக்க, நீர் வெளிர் நீலமாகும் அளவுக்கு மெத்திலீன் நீலம் சேர்க்கப்படும். இம்மருந்து வடிகட்டியிலுள்ள நற்பாக்டீரியாக்களையும் பாதிக்குமாதலால், குஞ்சுகள் நீந்தத் தொடங்குவதற்குள் நீரைச் சிறிது சிறிதாக மாற்றி மருந்தை நீக்கிய பிறகே பழக்கிய பஞ்சு வடிகட்டியை வைக்க வேண்டும். மின்வெட்டு உள்ள ஊர்களில் மின்கலத்தால் இயங்கும் காற்றேற்றி ஒன்று கைவசம் இருத்தல் இன்றியமையாதது. வணிக நோக்கில் வளர்ப்போர் பெரும்பாலும் இம்முறையையே பின்பற்றுகின்றனர். பிழைக்கும் குஞ்சுகளின் எண்ணிக்கை இதில் கூடுதல். முட்டைகளை எடுத்துவிட்டால் இணை ஓரிரு வாரங்களில் மீண்டும் முட்டையிடும் என்பதும் ஒரு காரணம்.

பெற்றோரிடம் விடும் முறையில், முட்டை பொரித்ததும் மீன்கள் நெளியும் குஞ்சுகளை வாயில் எடுத்து மற்றொரு தூய இலைக்கு மாற்றுவதைக் காணலாம். கீழே விழும் ஒவ்வொன்றையும் வாயால் பற்றி மீண்டும் கூட்டத்தினுள் உமிழும். நீந்தத் தொடங்கிய பின் குஞ்சுத் திரளின் இருபுறமும் பெற்றோர் காவலாகச் செல்லும். விலகிச் செல்வதை மீட்டு வரும். இரவில் மங்கிய விளக்கொன்றை எரியவிடுவது இக்காவலுக்கு உதவும். திடீர் இருளும், கண்ணாடிக்கு வெளியே நிகழும் நடமாட்டமும் பெற்றோரை அச்சுறுத்தி, முட்டைகளைத் தின்னச் செய்யலாம். மற்ற மீன்கள் உள்ள பொதுத் தொட்டியில் இம்முறை பெரும்பாலும் வெற்றி பெறுவதில்லை.

இளம் இணைகள் முதல் சில முறை தம் முட்டைகளைத் தாமே தின்றுவிடுவது மிகப் பொதுவானது. இதற்கு இரு விளக்கங்கள் கூறப்படுகின்றன. பல தலைமுறைகளாக முட்டைகள் பிரித்தெடுக்கப்பட்டதால், பேணும் இயல்பு குன்றிய மீன்களும் தம் சந்ததியைப் பெருக்கிக்கொள்கின்றன. ஆகவே அவ்வியல்பைத் தக்கவைக்கும் தேர்வு இல்லாமற் போயிற்று என்பது ஒன்று. பட்டறிவின்மையும் நெருக்கடியான தொட்டிச் சூழலுமே காரணம் என்பது மற்றொன்று. இவ்விரண்டும் ஒன்றையொன்று மறுப்பன அல்ல. முட்டைகளைத் தின்ற இணை நான்காவது, ஐந்தாவது முறையில் குஞ்சுகளை நன்கு வளர்ப்பதும் நிகழ்வதுண்டு. எனவே வருவாயை எதிர்பாராத வீட்டு வளர்ப்பாளர், இணைக்குச் சில வாய்ப்புகள் கொடுத்துப் பார்க்கலாம். சிக்லிட் மீனை வளர்ப்பதன் சிறப்பே இப்பேணலைக் காண்பதில் அடங்கியுள்ளது எனலாம்.

குஞ்சு வளர்ப்பு

முதல் இரண்டு வாரங்கள் நாளுக்கு மூன்று அல்லது நான்கு முறை ஆர்ட்டீமியா கொடுக்கப்படும். மூன்றாம் வாரம் முதல் நன்கு பொடித்த உலர் உணவைச் சிறிது சிறிதாகப் பழக்கலாம். தொடக்கத்தில் சாதாரண மீன்குஞ்சு போலவே நீண்டிருக்கும் உடல், ஏறத்தாழ நான்காம் வாரத்தில் உயர்ந்து, ஏஞ்சல் மீனின் வட்ட வடிவத்தைப் பெறத் தொடங்கும்.

நாள்தோறும் நீரில் நான்கில் ஒரு பங்கேனும் மாற்றுதல் வேண்டும். புதிய நீர் ஒரே வெப்பநிலையிலும் ஒரே தன்மையிலும் இருத்தல் முக்கியம். நெரிசலான, தூய்மையற்ற தொட்டியில் வளரும் குஞ்சுகள் இறக்காவிட்டாலும் வளர்ச்சி குன்றும். நீண்டு தொங்க வேண்டிய இடுப்புத் துடுப்புகள் குட்டையாகவோ வளைந்தோ போகும். பின்னர் நல்ல தொட்டிக்கு மாற்றினாலும் இக்குறை முழுமையாக நீங்குவதில்லை.

நாணய அளவு வளர்ந்த குஞ்சு ஒன்றுக்குக் குறைந்தது இரண்டு லிட்டர் நீர் என்று கணக்கிட்டாலும் இருநூறு குஞ்சுகளுக்கு 400 லிட்டர் தேவை. வீட்டில் 100 லிட்டர் தொட்டி ஒன்றே இருந்தால் ஐம்பது குஞ்சுகளுக்கு மேல் நன்றாக வளர்க்க இயலாது. ஆகவே எத்தனை குஞ்சுகளை வளர்ப்பது என்பதை முட்டை பொரிக்கும் முன்பே முடிவு செய்வது நல்லது. இருநூறையும் வளர்க்க முற்பட்டு இருநூறையும் குறைபாடுள்ளவையாக்குவதைவிட, ஒரு பகுதி முட்டைகளை மட்டும் பொரிக்க விடுவது மேல்.

நிற வகைகளும் மரபியலும்

இயற்கையில் காணப்படும் ஏஞ்சல் மீன் வெள்ளி நிறமும் செங்குத்தான கரும்பட்டைகளும் உடையது. தொட்டி வளர்ப்பில் தோன்றிய மரபணு மாற்றங்களால் கறுப்பு, பொன், பளிங்கு, வரிக்குதிரை, நீள்துடுப்பு முதலிய பல வகைகள் உருவாயின.

பொன் நிறம் ஒடுங்கு பண்பாகும். வெள்ளி நிறமாயினும் இம்மரபணுவின் ஒரு படியை மறைவாகக் கொண்ட இரு பெற்றோருக்குப் பிறக்கும் குஞ்சுகளில் ஏறத்தாழ நான்கில் ஒன்று பொன்னிறமாக இருக்கும். கருமை மரபணு இவ்வாறன்று. அது ஒரு படி இருந்தால் மீன் சல்லடைத் துணி போன்ற கரிய சாயலைப் பெறும். இரு படிகளும் இருந்தால் முழுக் கறுப்பாகும். சாயல் மீன்கள் இரண்டை இணைத்தால் குஞ்சுகளில் நான்கில் ஒன்று முழுக் கறுப்பு, இரண்டு பங்கு சாயல், எஞ்சியது வெள்ளி என அமையும். முழுக் கறுப்புக் குஞ்சுகள் மற்றவற்றைவிட வலிமை குறைந்தவை. ஆகையால் சாயல் மீனையும் முழுக் கறுப்பு மீனையும் இணைத்து இவ்விரு வகையையும் சமமாகப் பெறுவதும் உண்டு.

ஒரே ஈட்டில் பிறந்தவற்றைத் தலைமுறை தலைமுறையாக இணைத்துக்கொண்டே செல்வது குறைபாடுகளை மிகுவிக்கும். வேறொரு வளர்ப்பாளரிடமிருந்து அவ்வப்போது புதிய மீன் கொணர்தல் இதனைத் தவிர்க்கும். புதிய மீனை இரண்டு முதல் மூன்று வாரங்கள் தனித் தொட்டியில் வைத்து நோயின்மையை உறுதி செய்த பின்னரே சேர்க்க வேண்டும்.

மிகுதியான குஞ்சுகள்

மிகுதியான குஞ்சுகளை நண்பர்களுக்குக் கொடுக்கலாம். வண்ணமீன் கடைகளில் விற்கலாம் அல்லது பண்டமாற்றாக உணவு, மருந்து பெறலாம். சென்னையின் கொளத்தூர்ப் பகுதி வண்ணமீன் வளர்ப்புக்கும் வணிகத்துக்கும் பெயர்பெற்றது. உடற்குறை உள்ள மீன்களை இனப்பெருக்கத்துக்காகக் கொடுத்தல் முறையன்று.

எக்காரணம் கொண்டும் தொட்டி மீன்களைக் குளம், ஏரி, கிணறு, ஆறு ஆகியவற்றில் விடுதல் கூடாது. உணவுக்காகக் கொண்டுவரப்பட்ட ஜிலேபிக் கெண்டை, குஞ்சு பேணும் இயல்பின் துணையால் தமிழக நீர்நிலைகள் பலவற்றில் பெருகி, உள்ளூர் மீன்களுக்குப் போட்டியாயிற்று. தொட்டியின் பாசியைத் தின்பதற்காக வாங்கப்பட்டுப் பின்னர் வெளியே விடப்பட்ட தென் அமெரிக்க உறிஞ்சுவாய்க் கெளுத்தியும் இன்று பல ஏரிகளில் காணப்படுகிறது. தொட்டியில் போற்றப்படும் அதே பேணும் இயல்பே, அயல் நீர்நிலையில் ஓர் இனம் பெருகுவதற்கும் துணையாகிறது. நோய் பரவுவதும் இதிலுள்ள மற்றோர் இடர்.

இவற்றையும் பார்க்க

சிக்லிட்
திலாப்பியா
கரிமீன்
ஆர்ட்டீமியா
வண்ணமீன் வளர்ப்பு
நைட்ரசன் சுழற்சி